சூட்டை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது?

எங்கள் ஊர் வீட்டு வளவில் ஏசியின் அவுட்டோர் பெட்டி சரியாகப் பதினொரு நாள் இருந்தது. பன்னிரண்டாம் நாள் அதைக் கழற்றி வெளிச் சந்துக்கு மாற்றினோம். அந்தப் பதினொரு நாளில் நான் வாங்கிய பேச்சை முழுசாக எழுதினால் குடும்பத்தில் இன்னொரு பஞ்சாயத்து கூடிவிடும். அதனால் ஏசியைப் பற்றி எழுதுகிறேன். பேச்சு ஆங்காங்கே வரத்தான் செய்யும்.

கானாடுகாத்தானிலிருந்து பைக்கில் கால் மணி நேரம் எங்கள் ஊர். செட்டிநாட்டு வீடுகளைப் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பார்க்காதவர்களுக்காக: திண்ணை, முகப்பு, தேக்கு நிலைவாசல், அதைத் தாண்டினால் நடுவில் வானம் தெரியும் வளவு. வளவைச் சுற்றித் தூண்கள் நிற்கும் பத்தி. பத்தியை ஒட்டி வரிசையாக அறைகள். அதற்குப் பின்னால் இரண்டாம் கட்டு, அடுப்படி, கடைசியில் அடுத்த தெருவில் போய்த் திறக்கும் பின்வாசல். அறைகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு புள்ளிக்கு, அதாவது ஒவ்வொரு குடும்பத்துக்கு. வளவும் முகப்பும் எல்லாருக்கும் பொது. சென்னை நண்பர்கள் என்னை அரண்மனைக்காரன் என்று கேலி செய்வார்கள். அந்த அரண்மனையில் எனக்குச் சொந்தம் வடக்குப் பத்தியில் பதினான்கடிக்குப் பத்தடி ஓர் அறை.

அப்பச்சி (எங்கள் பக்கம் அப்பா) போன பிறகு ஆத்தா (அம்மா) சென்னையில் எங்களோடு ஆறு வருஷம் இருந்தார்கள். பிறகு ஒரு பொங்கலுக்கு ஊருக்கு வந்தவர்கள் திரும்பி வரவில்லை. "நான் இங்கேயே இருந்துக்கிறேன். நீங்க வந்து வந்து பாத்துட்டுப் போங்க" என்று முடித்துவிட்டார்கள். ஆனால் ஆறு வருஷத்தில் ஏசி பழகிவிட்டது. சித்திரை பாதியில் தினமும் போன்: ராத்திரி தூக்கமில்லை, அறை அடுப்பு மாதிரி இருக்கிறது.

ஏசி வைக்கலாம் என்று நான் சொன்னதும் குடும்ப வாட்ஸப் குழுவில் எல்லாருக்கும் ஒரே அதிர்ச்சி. "நம்ம வீட்டுக்கு ஏசியா? ஐயா காலத்துல ஃபேன் கூடக் கிடையாது." சொன்னவர் சிங்கப்பூரில் இருக்கிறார். மூன்று அறையிலும் ஏசி.

செட்டிநாட்டு வீட்டுக்கு ஏசி தேவையில்லை என்பது பாதி உண்மை. பகல் பதினொரு மணிக்கு வெளியே தார் இளகும் வெயிலில் வந்து பத்தியில் ஆத்தங்குடிக் கல் தரையின் மேல் வெறுங்காலை வைத்துப் பாருங்கள், ஏசியெல்லாம் யாருக்கு வேண்டும் என்றுதான் தோன்றும். வெளிச்சுவர் இரண்டடிக் கனம், செங்கல்லும் சுண்ணாம்பும். காலை வெயில் அதன் வெளிப்பக்கத்தைச் சுட ஆரம்பித்தால் அந்தச் சூடு உள்பக்கம் வந்து சேரப் பல மணி நேரம் ஆகும். அதற்குள் வெளியே பொழுது சாய்ந்துவிடும். வளவில் சுடுகாற்று மேலே எழும்பி வானத்துக்குப் போக, முகப்பு வழியாகவும் பின்கட்டு வழியாகவும் காற்று உள்ளே இழுபடும். எல்லாம் சரி.

மற்ற பாதி, ராத்திரி. பகலெல்லாம் சுவர் விழுங்கிய சூட்டை ராத்திரி ஒன்பது மணிக்கு அறைக்குள் துப்ப ஆரம்பிக்கும். அறையில் சன்னல் என்று சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. சந்துப் பக்கம் உயரத்தில் ஒரு சின்ன வென்டிலேட்டர், அவ்வளவுதான். இதைக் கட்டியவர்கள் அந்த அறையில் படுக்கவில்லை என்பதை நாம் மறந்துவிடுகிறோம். அறை என்பது வெள்ளிச் சாமானுக்கும் சீர்ப் பாத்திரத்துக்கும், அப்புறம் புதுசாகக் கல்யாணம் ஆனவர்களுக்கும். மற்றவர்கள் பத்தியில் பாயை விரித்தார்கள், ஆண்கள் முகப்பிலும் திண்ணையிலும் படுத்தார்கள், கோடையில் மாடித் தளத்துக்கு ஏறினார்கள். எண்பதை நெருங்கும் ஆத்தாவைத் தனியாகப் பத்தியில் படுக்கச் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. கதவைச் சாத்திக்கொண்டு படுக்க வேண்டும் என்றால் அந்த அறை வேறு மாதிரிப் பிராணி ஆகிவிடுகிறது.

காரைக்குடியில் ஒரு கடையில் 1.5 டன் இன்வெர்ட்டர் ஸ்பிளிட் (தேவைக்குத் தக்கபடி வேகத்தைக் கூட்டிக் குறைத்துக்கொள்ளும் வகை) வாங்கினேன். பதின்மூன்றடி உயரம் சார், 1 டன் பத்தாது என்று கடைக்காரர் சொன்னார். 1 டன்னே போதும் என்று இப்போது தோன்றுகிறது. அதைப் பிறகு சொல்கிறேன். வயரிங் முதலில் செய்தோம்: மீட்டரிலிருந்து தனியாக 4 ஸ்கொயர் எம்எம் ஒயர், கரியும் உப்பும் போட்டுப் புதிதாக ஓர் எர்த் குழி, கோடையில் எங்கள் ஊர் வோல்டேஜ் படும் பாட்டுக்கு ஒரு ஸ்டெபிலைசர்.

கடை அனுப்பிய இரண்டு பையன்கள் வந்தார்கள். வெளிச்சுவரைத் தட்டிப் பார்த்தார்கள். அவர்களிடம் இருந்த கோர் கட்டர் ஓரடிக்கு மேல் போகாது. உட்சுவர் ஒன்றேகால் அடிதான். இரண்டு பக்கமிருந்தும் குடைந்தால் முடிந்துவிடும். கூட வந்த காப்பர் பைப் மூன்று மீட்டர்தான், சந்து வரைக்கும் எட்டாது. வளவிலேயே வைத்தால் அளவாக எட்டும். நான் சென்னையில் ஒரு மீட்டிங்கில் இருந்தேன். போனில் "வளவு ஓரமா வச்சுடவாண்ணே?" என்றார்கள். "சரி" என்றேன். அந்தச் 'சரி'க்குத்தான் இவ்வளவும்.

அடுத்த சனிக்கிழமை நான் போனபோது ஆத்தா கேட்ட முதல் கேள்வி: "ஏம்ப்பா, இந்தப் பெட்டிக்குக் குளிரு எங்கேருந்து வருது?"

நல்ல கேள்வி. குளிர் எங்கிருந்தும் வரவில்லை. அறையில் இருக்கும் சூட்டை அள்ளி வெளியே கொட்டுகிறது, அவ்வளவுதான் அதன் வேலை. இதை ஆத்தாவிடம் மண்பானையை வைத்துச் சொன்னேன். பானைத் தண்ணீர் ஏன் குளிர்கிறது? பானையின் மேல்புறம் கசியும் தண்ணீர் ஆவியாகிறது. ஆவியாவதற்கு வேண்டிய சூட்டைப் பானையிடமிருந்தே எடுத்துக்கொள்கிறது. ஏசியும் பானைதான். ஆனால் பானையில் போன ஆவி போனதுதான், திரும்ப வராது. ஏசி அந்த ஆவியை விடாமல் பிடித்து, நெருக்கி, மறுபடியும் திரவமாக்கித் திரும்ப அனுப்புகிறது. அதற்காகத்தான் இவ்வளவு இரும்பும் செம்பும்.

உள்ளே ஓடுவது தண்ணீர் இல்லை. மெக்கானிக்குகள் 'கேஸ்' என்று சொல்லும் திரவம். முன்பு ஆர் 22 இருந்தது. அது ஓசோன் படலத்துக்குக் கெடுதல் என்று 1987-ல் போட்ட மாண்ட்ரியால் ஒப்பந்தத்தின்படி படிப்படியாக ஒதுக்கப்பட்டது. இப்போது வரும் பெட்டிகளில் பெரும்பாலும் ஆர் 32. வெறும் காற்றில் திறந்துவிட்டால் மைனஸ் 52 டிகிரியிலேயே கொதித்துப் போய்விடும் பொருள். கொதிக்கும் வெப்பத்தை அழுத்தத்தால் கூட்டலாம் குறைக்கலாம் என்பது குக்கர் வைத்திருக்கும் எல்லாருக்கும் தெரிந்ததுதான். குக்கருக்குள் தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்காது, 120 பக்கம் போக வேண்டும். அதனால்தான் பருப்பு சீக்கிரம் வேகிறது. ஏசிக்குள்ளும் இந்த விளையாட்டுத்தான் நடக்கிறது.

அறைச் சுவரில் மாட்டியிருக்கும் இன்டோர் பெட்டிக்குள் செம்புக் குழாய்ச் சுருளும், அதன் மேல் சீப்புப் பல் போல அலுமினியத் தகடுகளும். காயில் என்பார்கள். அங்கே அழுத்தம் குறைவு. குறைவு என்றால் ஏழெட்டு டிகிரியில் திரவம் கொதிக்கும் அளவுக்கு. 32 டிகிரி அறைக் காற்றை ஃபேன் அந்தக் காயிலின் மேல் இழுத்துவிட, காற்றின் சூட்டைத் திரவம் எடுத்துக்கொண்டு ஆவியாகிறது. காற்று குளிர்ந்து திரும்ப அறைக்குள் வருகிறது. வெளிக்காற்றை இழுத்துக் குளிர வைக்கிறது என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, அறையில் இருக்கும் அதே காற்றுதான் சுற்றிச் சுற்றி வருகிறது. அதனால்தான் உள்ளே வெங்காயம் நறுக்கினால் விடியும்வரை வாடை போகாது.

அந்த ஆவி தடித்த பைப் வழியாக வெளியே அவுட்டோருக்குப் போகிறது. அங்கேதான் கம்ப்ரஸர். ஆவியை அது நெருக்குகிற நெருக்கலில் அழுத்தம் கார் டயரில் இருப்பதைப் போல பத்து மடங்குக்கும் மேலே போய்விடும். கூடவே சூடும் 70, 80 டிகிரிக்கு ஏறும். வெளியே 40 டிகிரி வெயில் அடிக்கும்போது அறைச் சூட்டை வெளியே எப்படித் தள்ள முடியும் என்ற குழப்பத்துக்கு விடை இதுதான். சூடு மேட்டிலிருந்து பள்ளத்துக்குத்தான் ஓடும். ஆகவே கம்ப்ரஸர் முதலில் கேஸை வெளிக்காற்றைவிடச் சூடாக்கி மேட்டில் ஏற்றிவிடுகிறது. பிறகு அவுட்டோரின் பெரிய காயிலில் சுற்றி வரும்போது அந்த 40 டிகிரிக் காற்றே அதற்குக் குளிர்ச்சி. சூட்டை உதறிவிட்டு ஆவி திரவமாகிறது. கடைசியாக ஒரு நூல் கனத் துவாரம் வழியாகவோ வால்வு வழியாகவோ அதைப் பீய்ச்சினால் அழுத்தம் சட்டென்று விழும், திரவம் ஜில்லிட்டுப் போகும், மெல்லிய பைப் வழியாக மறுபடி உள்ளே வரும். வீட்டு ஸ்பிளிட்களில் இந்தத் துவாரமும் பெரும்பாலும் அவுட்டோருக்குள்ளேயே இருக்கும். அதனால் இரண்டு பைப்புமே ஜில்லென்றுதான் இருக்கும், இரண்டுக்கும் தனித்தனியாகக் கறுப்பு ஸ்பாஞ்ச் உறை வேண்டும். எங்கள் வீட்டில் அந்தப் பையன்கள் தடித்ததற்கு மட்டும் போட்டுவிட்டு மெல்லியதை அதோடு சேர்த்து டேப்பால் சுற்றிவிட்டிருந்தார்கள். பத்தியில் மெல்லிய பைப் வியர்த்துச் சொட்டிக்கொண்டிருந்தது.

'டன்' என்ற கணக்கைப் பற்றியும் ஒரு வார்த்தை. பெட்டியின் எடை என்று எங்கள் சொந்தத்தில் ஒருவர் உறுதியாக நம்புகிறார். ஒரு டன் பனிக்கட்டி 24 மணி நேரத்தில் உருகும்போது எவ்வளவு சூட்டை உறிஞ்சுமோ அவ்வளவு சூட்டை அகற்றும் சக்திதான் 1 டன். பனிக்கட்டியால் குளிர்ந்த காலத்துக் கணக்கு. சென்னைக் கடற்கரையில் விவேகானந்தர் இல்லம் என்று இப்போது நிற்கும் கட்டடம் 1842-ல் ஐஸ் ஹவுஸாகத்தான் கட்டப்பட்டது. அமெரிக்க ஏரிகளில் உறைந்த பனியை அறுத்து, கப்பலில் ஏற்றி, பூமியைப் பாதி சுற்றிக் கொண்டுவந்து அங்கே அடுக்கி வைத்திருந்தார்கள். நம் ஆட்கள் பர்மாவிலிருந்து தேக்கைக் கொண்டுவந்ததை ஆச்சரியமாகப் பேசுகிறோம். அவர்கள் உருகுகிற சரக்கையே கப்பலேற்றியிருக்கிறார்கள்.

சரி, வளவுக்கு வருவோம். 1.5 டன் என்றால் சுமார் 5.2 கிலோவாட் சூடு அறையிலிருந்து வெளியேறுகிறது. அதை வெளியேற்ற மோட்டார் தின்னும் மின்சாரம் ஏறக்குறைய 1.5 கிலோவாட். அந்த மின்சாரமும் கடைசியில் சூடாகத்தான் மாறும். ஆக, முழு வேகத்தில் ஓடும்போது அவுட்டோர் வெளியே தள்ளுவது 6.5 கிலோவாட்டுக்கு மேல். வாளித் தண்ணீரில் போடும் ஹீட்டர் ராடு 1 கிலோவாட் இருக்கும். அப்படி ஆறேழு ராடுகளை வளவில் செருகி வைத்ததற்குச் சமம்.

வானத்துக்குத் திறந்த வளவாக இருந்தால்கூடச் சூடு மேலே போயிருக்கும். குரங்குத் தொல்லை தாங்காமல் சில வருஷத்துக்கு முன் பொதுப் பணத்தில் வளவின் மேல் கம்பி போட்டு, மழைச்சாரலுக்கு ஃபைபர் ஷீட்டும் போட்டுவிட்டோம். போகிற வழியை நாங்களே மூடியாயிற்று. அவுட்டோரின் ஃபேன் நேர் எதிரே தெற்குப் பத்தியைப் பார்த்துக் காற்றைத் தள்ளியது. அங்கேதான் பெரியாத்தா மத்தியானம் தலையைச் சாய்ப்பார்கள்.

"உங்க ஆத்தாளுக்குக் குளிரு, எனக்கு அனலாக்கும்?" என்றார்கள் பெரியாத்தா. கோபமாகக் கூட இல்லை. எனக்குப் பதில் வரவில்லை. வளவு பொது, அதில் விழும் மழை பொது, வெயில் பொது. என் அறையின் சூட்டை மட்டும் பொதுவில் கொண்டுபோய்க் கொட்டியிருந்தேன்.

இதில் எனக்கும் லாபமில்லை என்பதுதான் வேடிக்கை. மூடிய இடத்தில் அவுட்டோர் தான் கக்கிய சுடுகாற்றையே திரும்ப இழுக்கும். மத்தியானம் இரண்டு மணிக்குத் தெருவில் 39 டிகிரி, அவுட்டோரின் பின்புறம் 47. அவ்வளவு சூட்டுக் காற்றில் கேஸ் திரவமாவதற்குக் கம்ப்ரஸர் இன்னும் அழுத்த வேண்டும், மின்சாரம் கூடும், ஓர் எல்லைக்கு மேல் இன்வெர்ட்டர் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வேகத்தைக் குறைத்துவிடும். வெயில் உச்சத்தில் குளிர் வராததற்குக் கடைக்குப் போன் செய்தால் "கேஸ் செக் பண்ணணும் சார்" என்றார்கள். வாங்கி ஒரு வாரம்.

கேஸ் என்பது பெட்ரோல் மாதிரி ஓட ஓடத் தீர்ந்துபோகிற பொருள் இல்லை. மூடிய குழாய்க்குள் வருஷக்கணக்கில் அதே கேஸ்தான் சுற்றிக்கொண்டிருக்கும். குறைந்திருக்கிறது என்றால் எங்கோ ஒழுகுகிறது. ஒழுகலைத் தேடி அடைக்காமல் கேஸ் மட்டும் ஏற்றிவிட்டுப் போகிறவரை மறுபடி கூப்பிட வேண்டாம். ஒவ்வொரு கோடைக்கும் கேஸ் ஏற்ற வேண்டும் என்று நம்பிக்கொண்டு பணம் கொடுக்கும் வீடுகள் எங்கள் தெருவிலேயே மூன்று இருக்கின்றன.

கடையை விட்டுவிட்டு, கோட்டையூர்ப் பக்கத்திலிருந்து தனியாக வேலை செய்யும் ஒரு தம்பியை ஒன்றுவிட்ட அண்ணன் அனுப்பினார். முப்பது வயது இருக்கும். வந்தவர் முதலில் ஏசியைப் பார்க்கவில்லை. வளவில் நின்று மேலே ஷீட்டைப் பார்த்தார், கையை அவுட்டோரின் முன்னால் நீட்டினார், பின்னால் நீட்டினார். "அண்ணே, இதுல ஒரு ரிப்பேரும் இல்ல. இடம்தான் ரிப்பேரு" என்றார்.

சந்துப் பக்கம் போய்ப் பார்த்தோம். வடக்குப் பார்த்த சுவர், நேர் வெயில் அதிகம் விழாது. ஆறடி அகலச் சந்து. இரண்டடிச் சுவரைக் குடைய வேண்டியதில்லை, வென்டிலேட்டரின் ஒரு கண்ணாடியை எடுத்துவிட்டு அதில் தேக்குப் பலகை அடித்து, பைப்பை அதன் வழியாக விடலாம் என்றார். எனக்கு அந்த யோசனை மிகவும் பிடித்தது. நூறு வருஷச் சுவரில் இன்னொரு ஓட்டை விழாமல் தப்பித்தது. அறையின் குறுக்கே பத்தடி போக வேண்டும், வெளியே இறங்க வேண்டும், ஆக நான்கு மீட்டர் பைப் கூடுதலாக வாங்கினோம்.

மாற்றும்போது உள்ளே இருக்கும் கேஸை என்ன செய்வது? காற்றில் திறந்துவிடும் ஆட்கள் உண்டு. பணமும் போகும், வானத்துக்கும் கெடுதல். ஆர் 32 ஓசோனைத் தொடாவிட்டாலும், பூமியைச் சூடாக்குவதில் ஒரு கிலோ கரியமில வாயுவைப் போல 675 மடங்கு. தம்பி செய்தது பம்ப் டவுன். ஏசியை ஓடவிட்டு, மெல்லிய பைப்பின் வால்வை ஆலன் கீயால் மூடினார். உள்ளே போகும் வழி அடைபட்டது. கம்ப்ரஸர் மட்டும் இன்டோரிலும் பைப்பிலும் மிச்சமிருந்த கேஸை எல்லாம் இழுத்து அவுட்டோருக்குள் அடைத்தது. கேஜ் முள் இறங்கி இறங்கிப் பூஜ்யத்தை நெருங்கியதும் தடித்த பைப்பின் வால்வையும் மூடி, உடனே சுவிட்சை அணைத்தார். ஒன்றரை நிமிஷம் கூட இல்லை. ஊருக்குப் போகும்போது வீட்டுச் சாமானை எல்லாம் ஓர் அறைக்குள் அடைத்துப் பூட்டு போடுவது மாதிரி.

புது இடத்தில் பைப்பை இணைத்த பிறகு வேக்யூம் பம்ப்பை மாட்டி இருபது நிமிஷம் ஓடவிட்டார். குழாய்க்குள் மாட்டிக்கொண்ட காற்றும் ஈரமும் வெளியேற வேண்டும். ஈரம் உள்ளே தங்கினால் கம்ப்ரஸர் ஆயிலோடு சேர்ந்து அமிலமாகி உள்ளிருந்தே அரிக்கும். முதலில் வந்த பையன்களிடம் இந்தப் பம்ப்பே இல்லை என்று ஆத்தா சாட்சி சொன்னார்கள். "இந்த டுர்ர்ருங்கற மெசினு அவுக கொண்டாரல." உங்கள் வீட்டில் ஏசி மாட்டும்போது வேறெதையும் பார்க்காவிட்டாலும் இந்த மெசினைப் பாருங்கள். பிறகு ஒவ்வொரு நட்டிலும் சோப்பு நுரை தடவிக் குமிழி வருகிறதா என்று பார்த்தார். ஆர் 32 லேசாகத் தீப்பிடிக்கக் கூடியது என்பதால் பக்கத்தில் பீடி பிடித்துக்கொண்டு நின்ற எங்கள் காவல்காரரை விரட்டினார். பைப்பின் மேல் குரங்கு பிய்க்காமல் பிவிசி உறை. ஏசியின் மின்னணுப் பலகையான பிசிபி போர்டு இருக்கும் இடத்துக்குள் பல்லி போகாமல் மெல்லிய கம்பி வலை, ஆனால் காயிலை மறைக்காமல். பல்லி ஒன்று போர்டில் விழுந்து செத்தால் பல ஆயிரம் செலவு என்றார். நம்பினேன்.

அன்று ராத்திரி அறை குளிர்ந்தது. ஆனால் நான் எதிர்பார்த்ததைவிட மெதுவாக. ஏன் என்று உட்கார்ந்து கணக்குப் போட்டேன். அந்த அறையில் இருக்கும் காற்று மொத்தம் சுமார் 60 கிலோ. சுற்றியிருக்கும் சுவர், குறைத்துப் போட்டாலும் 40 டன். காற்றைக் குளிர வைக்கச் சில நிமிஷம் போதும். ஆனால் 40 டன் சுவர் பகலெல்லாம் சேமித்த சூட்டை விடாமல் உள்ளே விட்டுக்கொண்டிருக்கிறது. சென்னை ஃபிளாட்டின் ஆறங்குலச் சுவரில் இந்தப் பிரச்சினை இவ்வளவு தெரியாது. மூன்றாம் நாள் ராத்திரியிலிருந்து நிலைமை மாறியது. சுவரின் உள்தோல் குளிர்ந்துவிட்டது. இப்போது பத்து மணிக்குப் போட்டு இரண்டு மணிக்கு அணைத்தாலும் விடியும்வரை அறை தாங்குகிறது. மெதுவாகக் குளிரும் சுவர் மெதுவாகத்தான் சூடாகும். அதனால்தான் 1 டன்னே போதுமாக இருந்திருக்கும் என்கிறேன். கொஞ்சம் முன்னதாகப் போட்டால் முடிந்தது.

ஆத்தா வைப்பது 26. அதோடு ஃபேன் இரண்டில். புது ஏசிகள் போட்டதும் 24-ல்தான் தொடங்க வேண்டும் என்று 2020 முதல் விதி. அதைக் குறைத்து 18-ல் வைத்தால் சீக்கிரம் குளிரும் என்று ஊருக்கு வரும் பேரன்கள் ரிமோட்டைப் பிடுங்குகிறார்கள். 18 என்பது வேகம் அல்ல, போய்ச் சேர வேண்டிய ஊர். அந்த ஊருக்கு இந்த அறையில் பெட்டி போய்ச் சேரவே சேராது, ராத்திரி முழுக்க ஓடிக்கொண்டிருக்கும். இரண்டு மாத மின்கட்டணத்தில் 500 யூனிட்டைத் தாண்டினால் கணக்கே மாறிவிடும் என்பது ஆத்தாவுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும்.

தண்ணீரைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. அவுட்டோர் சந்துக்குப் போய்விட்டது, ஆனால் இன்டோரிலிருந்து தண்ணீர் வடியும் ட்ரெயின் பைப்பை வென்டிலேட்டர் வழியாக விட முடியவில்லை. தண்ணீர் மேலே ஏறாது, சரிவு வேண்டும். ஆகவே பழைய பையன்கள் உட்சுவரில் போட்ட ஓட்டை அதற்குப் பயன்பட்டது. பத்தியோரம் வந்து, வளவில் மழைத் தண்ணீர் பிடிக்கும் அண்டாவில் விழுகிறது. முதல் நாள் காலையில் அண்டாவைப் பார்த்த ஆத்தா, டேங்கில் தண்ணீர் ஊற்ற வேண்டுமா, அது எங்கே இருக்கிறது என்று கேட்டார்கள். சொம்பில் ஜில் தண்ணீர் ஊற்றி வைத்தால் வெளியே முத்து முத்தாக வியர்க்குமே, அதேதான். அறைக் காற்றின் ஈரம் குளிர்ந்த காயிலில் பட்டுத் தண்ணீராகி வழிகிறது. சொல்லப்போனால் ஏசி பிறந்ததே இதற்காகத்தான். 1902-ல் நியூயார்க்கின் புரூக்ளினில் ஓர் அச்சகத்தில் காற்றின் ஈரத்தால் காகிதம் விரிந்து சுருங்கி, வண்ணங்கள் ஒன்றன்மேல் ஒன்று சரியாக விழாமல் போயின. வில்லிஸ் கேரியர் என்ற இளம் இன்ஜினியர் அந்த ஈரத்தை அடக்கத்தான் முதலில் கருவி வடிவமைத்தார்.

வைகாசியின் வறண்ட காற்றில் ராத்திரிக்கு ஒரு குடம் கூட நிறையாது. ஐப்பசியில் அதைவிடக் கூடுதல். அந்தத் தண்ணீரை, கரண்ட் போனால் உதவும் வீட்டு இன்வெர்ட்டரின் பேட்டரிக்கு ஊற்றலாம் என்று ஒரு பெரியவர் யோசனை சொன்னார். வேண்டாம் என்றேன். உப்பில்லாத தண்ணீர்தான், ஆனால் காயிலின் தூசியும் உலோகமும் கரைந்து வரும். குடிக்கவும் கூடாது. ஆத்தா அதைக் கனகாம்பரத்துக்கும் கல் துடைக்கவும் வைத்துக்கொண்டார்கள். ஆத்தங்குடிக் கல்லை உப்புத் தண்ணீரில் துடைத்தால் வெள்ளை படியும், இதில் படிவதில்லையாம். "உன் பெட்டியில உருப்படியானது இந்தத் தண்ணிதான்" என்பது அவர்கள் தீர்ப்பு.

பெரியாத்தா தெற்குப் பத்தியில் மறுபடியும் மத்தியானம் படுக்கிறார்கள். போன மாதம் தன் மகனிடம் சொல்லித் தன் அறைக்கும் ஒன்று கேட்டிருக்கிறார்கள். அவுட்டோர் தெற்குச் சந்தில் வைக்க வேண்டும் என்று முன்கூட்டியே கண்டிஷன்.

எங்கள் பக்கச் சந்தில் கதை முடியவில்லை. எதிர்வீட்டுப் பெரியவர் தன் அறைச் சன்னலைத் திறந்து வைத்துப் படுக்கிறவர். போன வாரம் போனில் அழைத்தார். குரலில் குறை தெரியாமல் பேசுகிற மனிதர். "ஒண்ணுமில்ல தம்பி. ஆத்தா தூங்கட்டும். நான் சன்னலைச் சாத்திக்கிட்டேன்" என்றார். சாத்திய சன்னலுக்குள் அவர் அறை எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். எங்கள் அறையும் அப்படித்தான் இருந்தது. கோட்டையூர்த் தம்பியிடம் கேட்டேன். ஸ்டாண்டை நான்கடி உயர்த்தினால் காற்று அவர் சன்னலுக்கு மேலே போய்விடும், ஆனால் அதற்கு மேல் எதிர்வீட்டு மாடியில் ஒரு சன்னல் இருக்கிறது என்றார். அந்த மாடியில் யாரும் குடியில்லை. பினாங்கிலிருந்து வருஷத்துக்கு ஒரு முறை வருவார்களாம். இந்த மாதக் கடைசியில் போகிறேன். அவர்கள் நம்பரை வாங்கி வைத்திருக்கிறேன், கேட்டுவிட்டுத்தான் ஏணியை எடுக்க வேண்டும்.